ஆடிட்டருக்கு டிக்கெட் இருக்கு!

ஆடிட்டர் உள்ளே போய்விட்டார். நான் வெளியே நிற்கிறேன்.

இடம்: சென்னை மீனம்பாக்கம் விமான நிலையம், உள்நாட்டு முனையம், புறப்பாடு வாசல். காலம்: டிசம்பர் கடைசி வாரம், காலை ஒன்பது மணி. வாசலில் துப்பாக்கியோடு நின்ற சி.ஐ.எஸ்.எஃப். ஜவான் முதலில் அக்காவின் டிக்கெட்டைப் பார்த்தார். அப்புறம் மாமாவின் ஆதார் கார்டு. அப்புறம் எட்டு வயது திவ்யா. கடைசியாகத் தள்ளுவண்டியில் இருந்த கூண்டு. கூண்டுக்குள்ளிருந்து ஆடிட்டர் அவரைப் பார்த்தார். மாமா ஒரு கத்தை காகிதத்தை நீட்டினார். ஜவான் புரட்டினார். தலையை ஆட்டினார். கூண்டு உருண்டு உள்ளே போனது.

அடுத்து நான்.

"டிக்கட்?"

"நஹி ஜி. சும்மா... வழியனுப்ப..."

ஜவான் பேசவில்லை. கட்டை விரலை மட்டும் எனக்குப் பின்பக்கம் காட்டினார். முப்பத்து நாலு வயது, பி.காம். முதல் வகுப்பு, வருமான வரி ஒழுங்காகக் கட்டுகிறவன் (கட்டும் அளவுக்கு வருமானம் வந்த வருடங்களில்). எனக்கு அனுமதி இல்லை. மடிப்பாக்கம் ஏரிக்கரையில் மழைக்கு ஸ்கூட்டர் அடியில் ஒதுங்கிக் கிடைத்த ஒரு நாட்டு நாய்க்கு ராஜமரியாதை. பொறாமை என்று சொல்ல மாட்டேன். ஆனால் கொஞ்சம் உறுத்தியது.

ஆடிட்டர் என்று பெயர் வைத்தது நான்தான். குட்டியாக வந்த முதல் நாளே வீட்டில் ஒரு சாமான் விடாமல் மோந்து பார்த்தார். எதையும் ஒப்புக்கொள்ளவில்லை. சோற்றை வைத்தால்கூட முதலில் சந்தேகத்தோடு சுற்றி வந்து, ஓரத்தில் ஒரு வாய் எடுத்து, அப்புறம்தான் கணக்கை முடிப்பார். நான் ஒரு ஆடிட்டர் ஆபீசில் இரண்டு வருஷம் குப்பை கொட்டியவன். பார்த்ததும் தெரிந்துவிட்டது. இப்போது வயது ஆறு, எடை 19 கிலோ, நிறம் டீத்தூள் பழுப்பு. காது இரண்டும் பழைய டிரான்சிஸ்டர் ஏரியல் மாதிரி எப்போதும் மேலே. இந்தக் காதைக் கொஞ்சம் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் வேலை இருக்கிறது.

மாமாவுக்கு டெல்லிக்கு மாற்றல். "பாதி வருஷத்துல ஸ்கூலை விட்டு எப்படி?" என்று அக்கா மூன்று நாள் அழுதாள். கம்பெனி அழவில்லை. ஜனவரி முதல் வாரம் அங்கே இருக்க வேண்டும். பீரோ, கட்டில், கிரைண்டர் எல்லாம் லாரியில் ஏறின. லாரியில் ஏற்ற முடியாத சாமான் ஒன்றே ஒன்று பாக்கி.

"ரயில்ல கூட்டிட்டுப் போயிடலாமே?" என்று நீங்கள் கேட்பீர்கள். நாங்களும் கேட்டோம். ரயில்வேயில் இரண்டு வழி உண்டு. ஏ.சி. முதல் வகுப்பில் ஒரு அறை முழுதும் நமக்கே இருந்தால் நாயை உடன் வைத்துக்கொள்ளலாம். ஆனால் நமக்கு அறை முழுசாகக் கிடைத்ததா இல்லையா என்பது சார்ட் போட்ட பிறகுதான் தெரியும். வீட்டைக் காலி பண்ணிவிட்டு, சாவியைக் கொடுத்துவிட்டு, ஸ்டேஷனில் வந்து நின்று லாட்டரி ரிசல்ட் பார்க்கிற மாதிரி. இன்னொரு வழி, கார்டு வண்டியில் இருக்கும் நாய்ப்பெட்டி. டெல்லிக்கு முப்பது மணி நேரத்துக்கு மேல். பெரிய ஸ்டேஷன் வரும்போதெல்லாம் நாம் கீழே குதித்து ஓடிப் போய்த் தண்ணீர் காட்ட வேண்டும். மாமாவின் தொப்பைக்கு அது ஒத்துவராது.

ஆகவே விமானம்.

விமானத்தில் நாயை அழைத்துப் போவது என்றால் என்ன என்பதை நான் கற்றுக்கொண்டது அந்த டிசம்பரில்தான். சின்ன நாயாக இருந்தால், கூண்டோடு சேர்த்து இத்தனை கிலோ என்று எடை வரம்பு போட்டு, சில கம்பெனிகள் சீட்டுக்குக் கீழே வைத்துக்கொள்ள விடுகின்றன. ஆகாசா ஏர் 2022 நவம்பரில் இதை ஆரம்பித்தபோது வரம்பு ஏழு கிலோ. நம் ஆள் பத்தொன்பது. அவர் சரக்கறையில்தான் போக வேண்டும். டிக்கெட்டில் அவர் பயணி அல்ல, எக்ஸ்ட்ரா லக்கேஜ். நாயும் கூண்டும் சேர்த்து எடை போட்டு, கிலோவுக்கு இவ்வளவு என்று வசூல். அதாவது நடுச்சாமத்தில் திவ்யாவுக்கு ஜுரம் வந்தால் அக்காவை வந்து எழுப்புகிற ஒரு ஜீவன், ஊறுகாய் ஜாடியோடு ஒரே கணக்குத் தலைப்பில் வருகிறது.

இதில் எனக்கு ஆச்சரியம் இல்லை. பி.காம். முதல் வருஷத்தில் தேய்மானம் என்று ஒரு பாடம் உண்டு. மெஷினுக்கு ஒரு முறை, கட்டடத்துக்கு ஒரு முறை என்று வரிசையாகப் போய்க் கடைசியில் மறுமதிப்பீட்டு முறை என்று ஒன்று வரும். சுத்தியல், ஸ்பேனர் மாதிரி உதிரிக் கருவிகளுக்கும் கால்நடைகளுக்கும் அதுதான். வருஷ ஆரம்பத்தில் என்ன பெறும், கடைசியில் என்ன பெறும், வித்தியாசம்தான் தேய்மானம். ஸ்பேனரும் மாடும் ஒரே வரி. பரீட்சைக்கு மனப்பாடம் பண்ணும்போது உறுத்தவில்லை.

பேப்பர் வேலை என் தலையில் விழுந்தது. "நீதான் சும்மா இருக்கே" என்றார் மாமா. பத்திரிகைக்கு எழுதுகிறவனைக் குடும்பத்தில் இப்படித்தான் சொல்வார்கள். வேப்பேரி கால்நடை மருத்துவக் கல்லூரிக்கு ஆடிட்டரை அழைத்துப் போனேன். 1903-இல் ஆரம்பித்த கல்லூரி. வரிசையில் எங்களுக்கு முன்னால் ஒரு கிளி, இரண்டு ஆடு, ஏழெட்டு நாய்கள், ஒரு பூனையை மடியில் வைத்துக்கொண்டு கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்த ஒரு பெரிய மீசைக்காரர். டாக்டர் ஆடிட்டரின் வாயைத் திறந்து பார்த்தார். வெறிநாய்க்கடித் தடுப்பூசி போட்ட தேதியைச் சரிபார்த்தார். பறக்கத் தகுதியானவர் என்று சர்டிபிகேட் எழுதினார். அந்த மாதிரி ஒரு சர்டிபிகேட் எனக்கு இதுவரை யாரும் கொடுத்ததில்லை.

"வழியில தூங்கறதுக்கு மாத்திரை ஏதாவது டாக்டர்?"

"கூடவே கூடாது" என்றார் பட்டென்று. மயக்க மருந்து கொடுத்தால் மேலே போகும்போது மூச்சும் ரத்த அழுத்தமும் தடுமாறலாமாம். பக்கத்தில் நின்று கவனிக்கவும் ஆள் இருக்காது. "நல்லவேளை, உங்களுது நீள மூக்கு. பக் நாயா இருந்தா பாதிக் கம்பெனி ஏத்தவே மாட்டான்."

பக் என்றால் ஞாபகம் வருகிறதா? 2003-இல் ஹட்ச் டெலிபோன் விளம்பரத்தில் ஒரு பையன் பின்னாலேயே போகுமே, சப்பை மூக்கு, அதுதான். பார்த்துவிட்டு ஊரெல்லாம் வாங்கினார்கள். அந்தச் சப்பை மூக்கில் காற்று நுழைவதே கஷ்டம். பயந்து இரைக்க ஆரம்பித்தால் சரக்கறையில் உயிருக்கே ஆபத்து. அழகுக்கு மூக்கைக் கொடுத்தவர்கள்! நாட்டு நாய்க்கு அந்தத் தொல்லை இல்லை. ஆடிட்டரின் மூக்கை முதல்முறையாகப் பெருமையோடு பார்த்தேன்.

"குளிர்காலம். டெல்லியில காலையில பனி மூட்டம் இருக்கும். முதல் ஃப்ளைட் வேணாம், மத்தியானம் போய்ச் சேர்ற மாதிரி போடுங்க" என்றும் டாக்டர் சொன்னார். அதற்காகத்தான் பதினோரு மணி விமானம்.

இனி கூண்டு. அதை வாங்கும் பொறுப்பும் என்னுடையதே. இதற்கு உலகம் முழுவதற்கும் ஒரு கணக்கு உண்டு. ஐயாட்டா என்கிற சர்வதேச விமானப் போக்குவரத்துச் சங்கம் போட்டது. நாய் உள்ளே இயல்பாக நிற்க வேண்டும், திரும்ப வேண்டும், படுக்க வேண்டும். நான் இன்ச் டேப்பை எடுத்துக்கொண்டு போய் ஆடிட்டரை அளந்தேன். மூக்கிலிருந்து வால் ஆரம்பிக்கும் இடம்வரை நீளம். தோள் அகலம். தரையிலிருந்து முதுகுவரை உயரம். எல்லாம் ஒரு துண்டுச் சீட்டில் குறித்து, மேலே இரண்டு இன்ச் போனால் போகிறது என்று சேர்த்து, கூண்டு வாங்கி வந்தேன். விலையில் நூற்றைம்பது ரூபாய் குறைத்துவிட்டேன் என்று மாமாவிடம் பீற்றிக்கொள்ளவும் செய்தேன்.

சரி, மீனம்பாக்கத்துக்கு வருவோம். வெளியே நான் தூணில் சாய்ந்து நிற்கிறேன். எனக்கு முன்னால் ஒரு லாப்ரடார் கழுத்துப் பட்டையோடு நிதானமாக நடந்து போகிறது. கூட யூனிபாரம் போட்ட ஆள். அதை யாரும் டிக்கெட் கேட்கவில்லை. அது டியூட்டியில் இருக்கிறது. ஒரு பெட்டியை மோந்தது, நகர்ந்தது. பெட்டிக்காரர் மூச்சு விட்டார்.

விமான நிலையத்துக்குள் முதலில் நுழைந்தது இந்த உத்தியோகஸ்த நாய்கள்தான். அமெரிக்காவில் விவசாயத் துறைக்காரர்கள் 1984-இல் லாஸ் ஏஞ்சல்ஸ் விமான நிலையத்தில் ஒரே ஒரு பீகிள் நாயோடு ஆரம்பித்தார்கள். பயணிகளின் பெட்டியில் பழம், கறி இருந்தால் கண்டுபிடிப்பது வேலை. பீகிள் குட்டையானது, பார்த்தால் பயம் வராது, மூக்கோ பொல்லாதது. கடித்துக் குதறாது, குரைக்காது. உங்கள் பெட்டி பக்கத்தில் வந்து அமைதியாக உட்கார்ந்துகொள்ளும். அவ்வளவுதான். மகள் பிரசவத்துக்குக் கருவாட்டை ஏழு பாலிதீன் உறை போட்டு எடுத்துப் போகும் தாய்மார்கள் கவனிக்க. 2020 செப்டம்பரில் பின்லாந்தின் ஹெல்சிங்கி விமான நிலையத்தில் கொரோனாவையே மோப்பம் பிடிக்க நாய்களை வைத்துப் பார்த்தார்கள். பயணி தோலை ஒரு துணியால் துடைத்துக் கொடுக்க வேண்டும். தடுப்புக்கு அந்தப்பக்கம் நாய் மோந்து ரிசல்ட் சொல்லும்.

உத்தியோகம் இல்லாத நாயை உள்ளே விடுவதில்தான் உலகத்துக்கே குழப்பம். பார்வையில்லாதவருக்கு வழிகாட்டும் நாய் கூடவே கேபினில் வரலாம். நம் நாட்டு விதியிலும் உண்டு. அது நியாயம், அதில் தகராறே இல்லை. அமெரிக்காவில் இதற்கு மேலே ஒரு படி போய், மன ஆறுதலுக்கு வைத்திருக்கும் பிராணிக்கும் டாக்டர் சீட்டு இருந்தால் இலவசம் என்றார்கள். நம் ஆட்களுக்கு மட்டும்தான் இலவசம் என்றால் புத்தி ஓடும் என்று நினைக்காதீர்கள். கிளம்பினார்களே... நாய், பூனை, வாத்து! 2018 ஜனவரியில் நியூயார்க் பக்கத்து நெவார்க் விமான நிலையத்துக்கு ஒரு பெண்மணி ஆறுதலுக்காக மயிலோடு வந்து நின்றார். முருகனே வந்திருந்தாலும் ஏற்றியிருக்க மாட்டார்கள். ஏற்றவில்லை. 2020 டிசம்பரில் அரசாங்கம் விதியை மாற்றிவிட்டது. பயிற்சி பெற்ற சேவை நாய்க்கு மட்டும்தான் அந்த உரிமை. மற்றதெல்லாம் கம்பெனி இஷ்டம்.

நான் இந்த யோசனையில் இருக்கும்போது செல் அடித்தது. அக்கா.

"டேய்... எங்கடா இருக்கே? போயிடலியே?"

குரலிலேயே தெரிந்துவிட்டது.

"அவனுக்கு உள்ள தலை இடிக்குதாம்டா. ஏத்த மாட்டேங்கறாங்க."

காது! முதுகுவரை அளந்த மேதாவி, காதை விட்டுவிட்டேன். ஐயாட்டா கணக்கில் உயரம் என்பது நாய் நிமிர்ந்து நிற்கும்போது தலை உச்சியோ காது நுனியோ எது உயரமோ அதுவரை. கவுன்ட்டரில் இருந்த பெண் குனிந்து பார்த்திருக்கிறாள். ஆடிட்டர் கழுத்தை வளைத்து, காது மடங்கி, கூனிக்கொண்டு நிற்கிறார். "சாரி சார், இப்படி அனுப்ப முடியாது" என்றிருக்கிறாள். மாமா கத்தியிருக்கிறார். மேனேஜர் வந்திருக்கிறார். அவரும் குனிந்து பார்த்துவிட்டு அதையே சொல்லியிருக்கிறார்.

அந்தப் பெண் செய்தது நூற்றுக்கு நூறு சரி. அதை இப்போது எழுதுகிறேன். அன்றைக்கு அவளை மனசுக்குள் திட்டினேன்.

கவுன்ட்டர் மூட இருபது நிமிஷம். லாரி நாக்பூர் தாண்டிவிட்டது. வீட்டுச் சாவி ஓனரிடம். அக்கா "நீங்க போங்க, நான் இவனோட அப்புறம் வரேன்" என்கிறாள். மாமா "எங்க தங்குவே? யாரு வீட்டுல?" என்கிறார். திவ்யா எதுவும் சொல்லவில்லையாம். கூண்டின் கம்பிக்குள் விரலை விட்டுக்கொண்டு உட்கார்ந்துவிட்டாளாம். அப்போதுதான் அக்காவுக்கு நான் வாசலில் நிற்பது ஞாபகம் வந்திருக்கிறது.

உள்ளே போன ஒரு உருப்படி அங்கே அவ்வளவு சுலபத்தில் வெளியே வந்துவிட முடியாது. ஏர்லைன் ஆள் கூட வந்து, ஜவானிடம் சொல்லி, நோட்டில் எழுதித்தான் விடுவார்கள். ஒன்பதே முக்காலுக்குக் கூண்டு வெளியே வந்தது. தள்ளிக்கொண்டு வந்த பையன் என்னிடம் கையெழுத்து வாங்கினான். "ரிசீவ்டு ஒன் டாக்." கண்ணாடிக்கு அந்தப்பக்கம் திவ்யா நின்றுகொண்டிருந்தாள். நான் கை ஆட்டினேன். அவள் ஆட்டவில்லை. என்னைப் பார்க்கவே இல்லை.

ஆதம்பாக்கத்தில் நான் இருப்பது மாடியில் ஒரு போர்ஷன். ஓனர் அம்மாவின் மூன்று சட்டங்கள்: ஆணி அடிக்கக் கூடாது, அசைவம் சமைக்கக் கூடாது, பிராணி வளர்க்கக் கூடாது. ஆணி இரண்டு ஏற்கெனவே அடித்திருந்தேன், காலண்டருக்குப் பின்னால். ஆனால் 19 கிலோவை எந்தக் காலண்டருக்குப் பின்னால் மறைப்பது? இருட்டினதும் படியேற்றிவிட்டேன். ஆடிட்டர் குரைக்கிற வகை அல்ல. அந்த நம்பிக்கையில் இரண்டு நாள் ஓடியது. மூன்றாம் நாள் காலை கதவைத் திறந்தால் ஓனர் அம்மா.

"மேல நாலு கால் நடக்கற சத்தம் கேக்குது. உனக்கு எப்போலேருந்து நாலு கால்?"

விஷயத்தைச் சொன்னேன். முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. "குளிப்பாட்டுவே இல்ல? தண்ணிக்கு மாசம் ஐந்நூறு சேர்த்துக் குடு" என்று சொல்லிவிட்டு இறங்கிவிட்டார்.

அன்று ராத்திரி மாமா டெல்லியிலிருந்து பேசினார். கெட்ட மனுஷர் இல்லை. களைத்த மனுஷர். "மாப்ளே, நான் ஒண்ணு சொல்றேன், தப்பா எடுத்துக்காதே. திரும்ப கூண்டு, திரும்ப சார்ஜு, கூட ஒரு ஆள் டிக்கெட்டு. அதுக்கு அங்கயே நல்ல இடமாப் பாத்துக் குடுத்துடேன். திவ்யாவுக்கு இங்க ஒரு பொமரேனியன் வாங்கிடலாம். குழந்தைதானே, மறந்துடும்."

கணக்கு என்று பார்த்தால் மாமா சொன்னதில் தப்பில்லை. ஏரிக்கரையில் ரூபாய் கொடுக்காமல் வந்த சொத்து. புத்தக மதிப்பு பூஜ்யம். அதை இடம் மாற்ற ஆகும் செலவு இருபதாயிரத்தைத் தாண்டும். எந்த ஆடிட்டரும் கையெழுத்துப் போட மாட்டார். நம் ஆடிட்டரையும் சேர்த்து.

இதை எழுதக் கொஞ்சம் வெட்கமாகத்தான் இருக்கிறது. நான் ஒப்புக்கொண்டேன். என்னோடு காலேஜில் படித்த ஒருவனுக்குச் செய்யூர் பக்கம் தோட்டம் உண்டு. போன் பண்ணினேன். "தாராளமா கொண்டு வா, காவலுக்கு ஆச்சு" என்றான். சனிக்கிழமை என்று முடிவாயிற்று. தென்னந்தோப்பு, காற்று, சுதந்திரம் என்றெல்லாம் எனக்கு நானே ஒரு கட்டுரை எழுதிக்கொண்டேன். நாயைக் கைவிடுகிறவன் எல்லாருமே முதலில் ஒரு தோப்பைத்தான் நினைத்துக்கொள்வான் போலிருக்கிறது.

வெள்ளிக்கிழமை ராத்திரி பதினொன்றரை. விளக்கை அணைத்துவிட்டுப் படுத்திருந்தேன். அந்தக் கூண்டைத் திருப்பிக் கொடுத்தால் பாதி விலைதான் என்று கடைக்காரர் சொன்னதால் அது மூலையில் கதவு திறந்தபடி கிடந்தது. உள்ளே திவ்யாவின் பழைய ஸ்வெட்டர், போகிற வழியில் பழகிய வாசனை இருக்கட்டும் என்று அக்கா போட்டது. நான் ஆடிட்டருக்குச் சாக்கு விரித்திருந்தேன், வாசல் பக்கம், காற்று வரும் இடம். அவர் சாக்கிலிருந்து எழுந்தார். கூண்டுக்குப் போனார். தலையைத் தாழ்த்தி, காதை மடக்கி, உள்ளே நுழைந்து அந்த ஸ்வெட்டர்மேல் முகத்தை வைத்துக் கொண்டார். யோசித்துப் பார்த்தேன். வந்த நாளிலிருந்து தினமும் காலையில் அவர் அங்கேதான் இருந்திருக்கிறார். நான்தான் கவனிக்கவில்லை. நிமிர்ந்து நிற்க இடமில்லாத கூண்டு. யாரும் உள்ளே போகச் சொல்லவில்லை.

எழுந்து விளக்கைப் போட்டேன். இன்ச் டேப்பை எடுத்தேன். "வெளிய வாங்க சார்" என்றேன். வந்தார். நிற்க வைத்து, இந்த முறை தரையிலிருந்து காது நுனிவரை அளந்தேன். இருபத்தைந்தரை இன்ச். நான் வாங்கிய கூண்டு இருபத்தோரு இன்ச்.

காலையில் செய்யூர்க்காரனுக்குப் போன் பண்ணி வேறு காவல் பார்த்துக்கொள்ளச் சொன்னேன். திட்டினான்.

பதினாறாவது நாள், பொங்கல் கழிந்து, மறுபடி மீனம்பாக்கம். பிராணியை லக்கேஜாக ஏற்ற வேண்டுமானால் அதே விமானத்தில் ஒரு பயணி இருக்க வேண்டும். ஆகவே எனக்கும் டிக்கெட். என் வாழ்க்கையின் முதல் விமானப் பயணம், ஒரு நாய்க்குத் துணையாக! கூண்டும் அவரும் சேர்த்து 28 கிலோ. அவருக்கான கட்டணம் என் டிக்கெட்டைப் போல இரண்டு மடங்குக்குக் கொஞ்சம் மேலே. எனக்கு வர வேண்டிய மூன்று கட்டுரைப் பணத்தை முன்கூட்டியே வாங்கி அதில் போட்டேன். (எடிட்டர் இதைப் படிக்கும்போது, நான்காவதுக்கும் அட்வான்ஸ் வேண்டும் என்பதைத் தெரிவித்துக்கொள்கிறேன்.)

அதே ஜவானா என்று தெரியவில்லை. "நாம்?" என்றார் கூண்டைக் காட்டி.

"ஆடிட்டர்."

என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டு விட்டார்.

உள்ளே கூண்டை எக்ஸ்ரே மெஷினில் விட வேண்டும். நாயை விடக் கூடாது. அதனால் அவரை வெளியே எடுத்து, சங்கிலியைப் பிடித்துக்கொண்டு ஒரு ஓரமாக நின்றேன். பத்து நிமிஷம் இருக்கும். அந்தப் பத்து நிமிஷத்தில் ஒன்று பார்த்தேன். டை கட்டினவர்கள், லேப்டாப் பையைக் கட்டிக்கொண்டு ஓடினவர்கள், யாரையோ போனில் திட்டிக்கொண்டே வந்த ஒரு அம்மாள், எல்லாரும் எங்களிடம் வந்ததும் ஒரு கணம் வேகம் குறைந்தார்கள். திட்டிக்கொண்டிருந்த அம்மாள் "ஒன் மினிட்" என்று போனை இறக்கிவிட்டு, "பேரென்ன இவனுக்கு?" என்றார்.

ஒரு பையன் வந்தான். இருபத்திரண்டு வயதிருக்கும். புது ஷூ. கழுத்தில் காயாத விபூதி. கையில் கட்டைப் பை, வாய் தைத்திருந்தது. வாசல் கண்ணாடிப் பக்கமே திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டிருந்தான். வெளியே யாரோ நிற்கிறார்கள் போல. "தொடலாமாண்ணே?" என்றான். குந்தி உட்கார்ந்து ஆடிட்டரின் கழுத்தைத் தடவ ஆரம்பித்தான். "குர்கான்ல வேலைண்ணே. இன்னிக்குத்தான் சேரப் போறேன். எங்க வீட்லயும் ஒண்ணு இருக்கு, பேரு மணி" என்றான். அப்புறம் பேசவில்லை. தடவிக்கொண்டே இருந்தான். எதையும் சந்தேகத்தோடு மோந்து பார்க்கிற ஆடிட்டர் அவனைச் சோதனையே போடவில்லை. தலையைக் கொடுத்துவிட்டுச் சும்மா நின்றார்.

சான்பிரான்சிஸ்கோ விமான நிலையத்தில் 2013-லிருந்து இதற்கென்றே நாய்களை வைத்திருக்கிறார்கள். 'என்னைத் தடவுங்கள்' என்று எழுதிய மேல்சட்டை போட்டுக்கொண்டு முனையத்துக்குள் நடமாடும். பயணத்தில் பதற்றமாக இருப்பவர்கள் கொஞ்ச நேரம் தொட்டுவிட்டுப் போகலாம். 2016-இல் அந்தக் கூட்டத்தில் ஒரு பன்றியைக்கூடச் சேர்த்தார்கள், நகத்துக்குப் பாலிஷ் எல்லாம் போட்டு. படித்தபோது பணக்கார ஊர் வேடிக்கை என்று சிரித்தேன். நியூயார்க் கென்னடி விமான நிலையத்தின் நான்காம் முனையத்துக்குள்ளேயே நாய் ஒன்றுக்கிருக்கப் புல்தரை அறை கட்டி, கால் தூக்குவதற்குத் தோதாகச் சிவப்புக் கலரில் ஒரு தீயணைப்புக் குழாய் பொம்மையும் நட்டிருக்கிறார்கள் என்று படித்தபோது இன்னும் சிரித்தேன். சிரித்ததை வாபஸ் வாங்குகிறேன். அந்தக் குழாய் மீனம்பாக்கத்தில் எனக்குத் தேவைப்பட்டது. விவரம் வேண்டாம். கையிலிருந்த இரண்டு நாள் தினசரி உதவியது.

கவுன்ட்டர் பெண் குனிந்து பார்த்தாள். ஆடிட்டர் நிமிர்ந்து நின்றார். காது கூரையைத் தொடவில்லை. அவரைத் திரும்பச் சொன்னாள், திரும்பினார். ஒட்டு ஒட்டினாள். லோடர்கள் இரண்டு பேர் வந்து தூக்கினார்கள். "பயப்படாதே ராசா" என்றார் ஒருவர், என்னிடம் இல்லை. கூண்டு ஒரு கதவுக்குள் போயிற்று. அதற்கப்புறம் எனக்கு எதுவும் ஓடவில்லை.

சீட்டில் உட்கார்ந்து பெல்ட் போட்டதும் விமானப் பணிப்பெண்ணைக் கூப்பிட்டேன். "கீழே ஒரு நாய்... ஏத்திட்டாங்களா?" அவள் சிரிக்கவில்லை. முன்னால் போய் விசாரித்துவிட்டு வந்தாள். "ஏத்தியாச்சு சார். கேப்டனுக்குத் தெரியும்."

நிஜமாகவே தெரியுமாம். சரக்கறையில் உயிருள்ளது ஏதாவது இருந்தால், எந்த அறையில் இருக்கிறது என்று ஒரு சீட்டு எழுதி விமானியின் கையில் கொடுத்த பிறகுதான் கதவைச் சாத்துவார்கள். அங்கேயும் நமக்கு இருக்கும் அதே காற்றழுத்தம்தான். வெப்பமும் பார்த்துக்கொள்வார்கள். டிக்கெட்டில் லக்கேஜ் என்று எழுதினவர்கள், அந்தச் சீட்டில் மட்டும் உயிர் என்று எழுதுகிறார்கள். ஜன்னல் சீட் கேட்டு வாங்கியிருந்தும் நான் மேகத்தைப் பார்க்கவில்லை. காலுக்குக் கீழே தரையையே பார்த்துக்கொண்டு டெல்லி போனேன்.

டெல்லியில் பெட்டிகள் பெல்ட்டில் சுற்றி வந்தன. கூண்டு பெல்ட்டில் வராது, தனியாக ஒரு கதவு வழியாகக் கொண்டுவந்து கொடுத்தார்கள். இரண்டே முக்கால் மணி நேரப் பயணம், இருபது நிமிஷம் காத்திருப்பு. ஆடிட்டர் உட்கார்ந்திருந்தார். என்னைப் பார்த்து வால் ஆட்டவில்லை. முதலில் என் கையை மோந்தார், ஆள் நான்தானா என்று. வெளியே வருகைப் பக்கம் கம்பிக்கு அந்தப்புறம் மூன்று பேர். நடுவில் குட்டையாய் ஒன்று, குரங்குக் குல்லாய் போட்டுக்கொண்டு. கூண்டின் கதவைத் திறந்தேன்.

மேற்கொண்டு நான் எழுதப் போவதில்லை. மாமா திரும்பிக்கொண்டு கண்ணாடியைத் துடைத்தார் என்பதை மட்டும் அவர் அனுமதி இல்லாமல் எழுதுகிறேன். கார் பார்க்கிங்கில் என் பையிலிருந்த பில்லை வாங்கிப் பார்த்தார்.

"என்னது, உன்னைவிட அவனுக்கு ஜாஸ்தியா?"

"வெயிட் அவனுக்கு இருக்கு மாமா."

ரயிலில் திரும்பினேன், ஸ்லீப்பர் கிளாசில். முதல் தேதி வாடகை கொடுக்கக் கீழே இறங்கினேன். ஓனர் அம்மா எண்ணிப் பார்த்தார். ஐந்நூறு ரூபாய் நோட்டு ஒன்றைப் பிரித்து என் பக்கம் தள்ளினார்.

"தண்ணிக்கு வேணாம். அதான் போயிடுச்சே."

நான் படியேறினேன். நாலு படி ஏறியதும் கீழேயிருந்து குரல் வந்தது.

"ஏம்பா, அந்த ஊர்ல இப்போ ரொம்பக் குளிராமே... அதுக்குப் போத்திக்க ஏதாவது குடுத்தாங்களா?"